வெள்ளைக் கிறிஸ்துமஸைப் பாடிய யூதர்: அமெரிக்கக் கலைகளில் யூதர்களின் பங்கு

அமெரிக்க மக்கள்தொகையில் யூதர்கள் எந்தக் காலத்திலும் நூற்றுக்கு நான்கு பேரைத் தாண்டியதில்லை. இன்று ஏறத்தாழ இரண்டு பேர்தான். அப்படியிருக்க, அந்நாட்டின் பாட்டு, நாடகம், திரைப்படம், நகைச்சுவை என எதைத் தொட்டாலும் யூதப் பெயர்கள் வரிசையாக வருவது எப்படி என்பதே கேள்வி. இது பிறவித் திறமையா, பணபலமா என்றும் கேட்கப்பட்டிருக்கிறது. இரண்டுமே முக்கியக் காரணங்கள் அல்ல என்பது என் கருத்து. வேறு கதவுகள் சாத்தப்பட்டிருந்த நேரத்தில், மரியாதைக்குரியவர்கள் யாரும் நுழைய விரும்பாத சில தொழில்கள் திறந்திருந்தன. அந்த நேரம் பார்த்து, படிப்பிலும் இசையிலும் ஊறிய ஓர் ஏழை மக்கள் கூட்டம் நியூயார்க் துறைமுகத்தில் வந்து இறங்கியது. அவர்கள் பெரும்பாலும் யூதர்களைப் பற்றிப் பாடவில்லை, அமெரிக்காவைப் பற்றிப் பாடினார்கள். தங்களை மறைத்துக்கொண்டு ஒரு நாட்டின் பொதுக் கற்பனையை உருவாக்கியதும், பிறகு ஒரு கட்டத்தில் அந்த மறைப்பைக் கைவிட்டதும்தான் இந்த வரலாற்றில் எனக்கு முதன்மையாகப் படுகின்றன.

அமெரிக்காவில் யூதர்கள் 1654 முதலே இருக்கிறார்கள். பிரேசிலின் ரெசிஃபே நகரிலிருந்து வெளியேறிய 23 பேர் அந்த ஆண்டில் டச்சுக்காரர்களின் நியூ ஆம்ஸ்டர்டாமுக்கு வந்து சேர்ந்தனர். அதுவே பின்னாளில் நியூயார்க் ஆயிற்று. 19ஆம் நூற்றாண்டின் நடுவில் ஜெர்மானிய யூதர்கள் வணிகர்களாக வந்தார்கள். ஆனால் நாம் பேசும் கலை வரலாற்றைத் தொடங்கிவைத்தது 1881இல் ரஷ்யப் பேரரசர் இரண்டாம் அலெக்சாண்டர் கொலையுண்டதும், அதைத் தொடர்ந்து யூதர்கள்மீது கட்டவிழ்த்துவிடப்பட்ட கலவரங்களும்தான். அன்று தொடங்கி, 1924ஆம் ஆண்டின் குடியேற்றச் சட்டம் வாசலை ஏறக்குறைய அடைக்கும் வரை, கிழக்கு ஐரோப்பாவிலிருந்து 20 லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் அமெரிக்கா வந்தனர். அவர்களில் பெருந்தொகையினர் நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடில், காற்றோட்டமற்ற அடுக்கு வீடுகளில் நெருக்கியடித்துக்கொண்டு வாழ்ந்து, தையல்கூடங்களில் வேலை செய்தார்கள். 1911 மார்ச் 25 அன்று டிரையாங்கிள் ஆடைத் தொழிற்சாலையில் தீப்பிடித்து 146 பேர் மாண்டபோது, இறந்தவர்களில் பெரும்பாலோர் யூத, இத்தாலிய இளம்பெண்கள். பணபலம் என்ற விடையைச் சொல்வோர் இந்தத் தொடக்கத்தை மறந்துவிடுகிறார்கள்.

அந்த மக்களிடம் பணம் இல்லாவிட்டாலும், கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் பேச்சுமொழியான யிட்டிஷ் இருந்தது. அம்மொழியில் நாளிதழ்களும் நாடக மேடைகளும் இருந்தன. 1897இல் தொடங்கப்பட்ட ஃபோர்வெர்ட்ஸ் நாளிதழ் அவர்களுக்குச் செய்தித்தாளாகவும் வாத்தியாராகவும் இருந்தது. குடும்பச் சிக்கல்களை வாசகர்கள் கடிதமாக எழுத, ஆசிரியர் பதில் சொல்லும் பகுதி அதில் 1906இல் தொடங்கிப் பெரும் வரவேற்பைப் பெற்றது. இரண்டாம் அவென்யூவில் யிட்டிஷ் நாடக அரங்குகள் இரவு தோறும் நிறைந்தன. இவற்றோடு, தொழுகைக்கூடத்தில் இறைவேண்டலை இசையோடு இசைக்கும் பாடகருக்குச் சமூகத்தில் இருந்த மதிப்பையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். பாட்டாசிரியர் இர்விங் பெர்லின், பாடகர் அல் ஜோல்சன், இசையமைப்பாளர் ஹரால்ட் ஆர்லன் ஆகிய மூவரும் அத்தகைய தொழுகைப் பாடகர்களின் பிள்ளைகள். தந்தையர் ஜெப ஆலயத்தில் பாடினார்கள், மகன்கள் நியூயார்க்கின் நாடக அரங்குகள் நிறைந்த பிராட்வேயில் பாடினார்கள். அந்தத் தலைமுறையின் கதை பெருமளவு இதற்குள் அடங்கிவிடும்.

மறுபுறம், சாத்தப்பட்ட கதவுகளையும் பார்க்க வேண்டும். பெரிய வங்கிகள், கனரகத் தொழில்கள், பெயர்பெற்ற வழக்கறிஞர் நிறுவனங்கள், பல்கலைக்கழகப் பேராசிரியர் பதவிகள் ஆகியவற்றில் யூதர்களுக்கு இடம் கிடைப்பது அரிது. ஹார்வர்டின் தலைவராக இருந்த லாரன்ஸ் லோவல், யூத மாணவர்களின் எண்ணிக்கைக்கு உச்சவரம்பு வேண்டும் என்று 1922இல் வெளிப்படையாகவே முன்மொழிந்தார். ஆனால் ஐந்து சென்ட் கட்டணத்தில் படம் காட்டும் கொட்டகையை நடத்தவோ, மலிவுப் பாட்டுத் தாள்களை அச்சிட்டு விற்கவோ யாரும் பரம்பரையைக் கேட்கவில்லை. கண்ணியமான குடும்பங்கள் அவற்றை இழிவாகப் பார்த்தன என்பதே புதிதாக வந்தவர்களுக்குக் கிடைத்த வாய்ப்பு.

மன்ஹாட்டனின் 28ஆம் தெருவில் இசைத்தாள் பதிப்பாளர்களின் அலுவலகங்கள் நெருக்கமாக இருந்த பகுதிக்கு டின் பான் ஆலி என்று பெயர். கிராமஃபோன் பரவுவதற்கு முன்பு, ஒரு பாட்டின் வெற்றியை அச்சிட்ட இசைக்குறிப்புத் தாள்களின் விற்பனையே தீர்மானித்தது. மக்கள் அவற்றை வாங்கித் தங்கள் வீட்டுப் பியானோவில் வாசித்தார்கள். கடைகளில் உட்கார்ந்து நாள் முழுவதும் புதுப் பாட்டுகளை வாசித்துக் காட்டுவதற்கென்றே பதிப்பாளர்கள் இளைஞர்களைச் சம்பளத்துக்கு வைத்திருந்தார்கள். ஜார்ஜ் கெர்ஷ்வின் 1914இல், தம் 15ஆம் வயதில், பள்ளியை விட்டுவிட்டு வாரம் 15 டாலருக்கு அந்த வேலையில்தான் சேர்ந்தார். அவர் வீட்டுக்குப் பியானோ வந்தது அண்ணன் ஐராவுக்காக. தம்பி அதைப் பிடித்துக்கொண்டதும் அண்ணன் நிம்மதியடைந்தார் என்பார்கள். பின்னர் ஐரா எழுத ஜார்ஜ் இசையமைத்தது நாடறிந்த கதை.

இந்தத் தெருவின் முழு அர்த்தமும் இர்விங் பெர்லினின் வாழ்வில் தெரியும். ரஷ்யப் பேரரசில் 1888இல் இஸ்ரேல் பெய்லின் என்ற பெயரோடு பிறந்தவர். ஐந்து வயதில் நியூயார்க் வந்தவர். தந்தை இறந்தபின் பதின்மூன்று வயதிலேயே வீட்டை விட்டுத் தெருவில் பாடிப் பிழைத்தவர். சைனா டவுனில் உணவு பரிமாறிக்கொண்டே பாடும் பணியாளாக இருந்தவர். அவருக்கு இசைக்குறிப்பை எழுதவும் படிக்கவும் தெரியாது. பெரும்பாலும் பியானோவின் கறுப்புக் கட்டைகளில் மட்டுமே வாசிப்பார். சுருதியை மாற்றித் தரும் நெம்புகோல் பொருத்திய சிறப்புப் பியானோவை வைத்துச் சமாளித்தார். 1911இல் வெளிவந்த ராக்டைம் பாட்டொன்றால் உலகப் புகழ் பெற்ற இவர்தான், ‘காட் பிளெஸ் அமெரிக்கா’ என்ற பாட்டை 1918இல், இராணுவத்தில் இருந்தபோது எழுதி, அது மிகையாக ஒலிக்கிறது என்று எண்ணிப் பெட்டியில் போட்டார். இருபது ஆண்டுகள் கழித்து, ஐரோப்பாவில் போர் மேகம் சூழ்ந்த 1938 நவம்பரில், பாடகி கேட் ஸ்மித் அதை வானொலியில் பாடினார். அது இன்று இரண்டாவது நாட்டுப்பண் போலவே ஆகிவிட்டது. அதன் வருமானத்தைச் சாரண, சாரணியர் இயக்கங்களுக்கு அவர் எழுதிவைத்தார். குடியேறி வந்த ஒரு யூதர் இந்த நாட்டின் பெயரால் எப்படி வாழ்த்துப் பாடலாம் என்று அன்றே முணுமுணுத்தவர்களும் உண்டு.

1942இல் பிங் கிராஸ்பி பாடிய ‘ஒயிட் கிறிஸ்துமஸ்’ பாட்டையும் எழுதியவர் பெர்லினே. அதன் இசைத்தட்டு ஐந்து கோடிக்கும் மேல் விற்றதாக மதிப்பிடப்படுகிறது. அந்தப் பாட்டில் ஏசுவும் இல்லை, மாட்டுத் தொழுவமும் இல்லை. பனியும், பழைய நினைவும், வாழ்த்து மடலும் மட்டுமே உண்டு. சமயத்தைக் கழித்துவிட்டு ஏக்கத்தை மட்டும் வைத்தபோது, எந்த மதத்தவரும் பாடக்கூடிய பண்டிகைப் பாட்டாக அது மாறியது. ஒரு வெளியாள்தான் அப்படி எழுதியிருக்க முடியும் என்று நான் நினைக்கிறேன். இந்தப் பாட்டின் சோகத்துக்கு இதுதான் காரணம் என்று சொல்ல மாட்டேன். ஆனாலும் பெர்லினின் கைக்குழந்தை 1928ஆம் ஆண்டின் கிறிஸ்துமஸ் நாளில் இறந்தது என்ற செய்தியை அறிந்த பிறகு அதை முன்போல் கேட்க இயலாது.

இங்கே ஒரு கடனைச் சொல்லாமல் மேலே போவது நேர்மையாகாது. ராக்டைம், ஜாஸ், ப்ளூஸ் ஆகிய மூன்றும் கறுப்பின மக்களின் படைப்புகள். டின் பான் ஆலியின் யூத இசையமைப்பாளர்கள் அவற்றிலிருந்து ஏராளமாக எடுத்துக்கொண்டார்கள். கறுப்பினக் கலைஞர்களுக்கு மூடியிருந்த மேடைகள் அவர்களுக்குத் திறந்திருந்தன. முகத்தில் கரி பூசிக் கறுப்பினத்தவராக நடிக்கும் கேவலமான வழக்கத்தை அல் ஜோல்சன் போன்றவர்கள் புகழின் உச்சிக்கே கொண்டுபோனார்கள். கெர்ஷ்வினின் நிலை இதைவிடச் சிக்கலானது. 1924 பிப்ரவரி 12 அன்று ‘ராப்சடி இன் புளூ’ மூலம் ஜாஸின் தொனியைக் கச்சேரி அரங்குக்குக் கொண்டுவந்தவர், 1934 கோடையில் தென் கரோலினாவின் கடலோரத் தீவில் தங்கி அங்குள்ள கறுப்பின மக்களின் பாட்டைக் கேட்டு, மறு ஆண்டு ‘போர்கி அண்ட் பெஸ்’ ஓபராவை மேடையேற்றினார். அதில் கறுப்பினப் பாடகர்களே நடிக்க வேண்டும் என்பதில் உறுதியாக இருந்தார். 1936இல் வாஷிங்டனில் அது நடந்தபோது, பார்வையாளர்களை நிறத்தால் பிரித்து உட்கார வைத்தால் பாட மாட்டோம் என்று நடிகர்கள் நின்று, வென்றார்கள். ஆயினும் அந்த ஓபரா காட்டும் வாழ்க்கை ஒரு வெளியாளின் கற்பனை என்ற விமர்சனம் அன்றிலிருந்து இன்றுவரை ஓயவில்லை. அந்த விமர்சனத்தில் நியாயமும் உண்டு.

இதே உறவின் மறுபக்கமாக ஏபல் மீரொபொலைச் சொல்வேன். பிராங்க்ஸ் பகுதியில் பள்ளி ஆசிரியராக இருந்த இந்த யூதர், இரண்டு கறுப்பினத்தவர் மரத்தில் தொங்கவிடப்பட்டிருக்கும் நிழற்படத்தைப் பார்த்து நிலைகுலைந்து எழுதிய கவிதை 1937இல் அச்சானது. பின்னர் அவரே அதற்கு மெட்டமைத்தார். பார்னி ஜோசப்சன் என்ற யூதர், வெள்ளையரும் கறுப்பினத்தவரும் சேர்ந்து உட்காரலாம் என்று நடத்திய கஃபே சொசைட்டி விடுதியில் கறுப்பினப் பாடகி பில்லி ஹாலிடே அதைப் பாடினார். அவருடைய இசைத்தட்டு நிறுவனம் பதிவு செய்யத் தயங்கியதால், மில்ட் கேப்லர் நடத்திய சிறு நிறுவனமான கொமொடோர் 1939இல் அதை வெளியிட்டது. ‘ஸ்ட்ரேஞ்ச் ஃப்ரூட்’ என்ற அந்தப் பாட்டை வெறும் ஜாஸ் பாட்டு என்று யாரும் கடந்து போவதில்லை. அதே 1939இல்தான் ஜெர்மனியிலிருந்து தப்பிவந்த ஆல்ஃபிரெட் லயன் நியூயார்க்கில் புளூ நோட் நிறுவனத்தைத் தொடங்கினார். அவருடைய நண்பர் ஃபிரான்சிஸ் வுல்ஃப் பின்னர் வந்து சேர்ந்துகொண்டார். நவீன ஜாஸின் ஒலிப்பதிவு வரலாற்றை அந்த நிறுவனத்தை விட்டுவிட்டு எழுத முடியாது.

திரைப்படத் தொழிலின் கதை பலருக்கும் தெரியும் என்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். பின்னாளில் பட நிறுவன முதலாளிகளானவர்களில் அடால்ஃப் சுகோர் உரோமத்தோல் ஆடை வணிகர், சாமுவேல் கோல்ட்வின் கையுறை விற்றவர், லூயி பி. மேயர் பழைய இரும்பு வியாபாரக் குடும்பத்தில் வளர்ந்தவர், கார்ல் லெம்லி ஒரு துணிக்கடையின் மேலாளர். வாடிக்கையாளரின் முகத்தைப் பார்த்தே அவருக்கு என்ன வேண்டும் என்று ஊகிக்கும் கடைக்காரப் புத்தி இவர்கள் எல்லோருக்கும் இருந்தது. எடிசனின் காப்புரிமைக் கூட்டணி 1908 முதல் படத் தொழிலைத் தன் கைக்குள் வைத்திருக்க முயன்றபோது, லெம்லியும் வில்லியம் ஃபாக்ஸும் நீதிமன்றம் வரை போய்ப் போராடினார்கள். 1915இல் தீர்ப்பு கூட்டணிக்கு எதிராக வந்தது. பாரமவுண்ட், யுனிவர்சல், ஃபாக்ஸ், வார்னர் பிரதர்ஸ், எம்ஜிஎம், கொலம்பியா ஆகியவற்றின் தொடக்கம் இவ்வாறுதான்.

ஹாலிவுட்டை யூதர்கள் கட்டுப்படுத்தினார்கள், எனவே தங்கள் கருத்துகளைத் திணித்தார்கள் என்ற குற்றச்சாட்டு பழையது. ஹென்றி ஃபோர்டு தம் வாரப் பத்திரிகையில் 1920களின் தொடக்கத்தில் திரைப்படம், ஜாஸ் இரண்டையும் யூதச் சதி என்றே எழுதவைத்தார். நடந்ததோ இதற்கு நேர்மாறு. அந்த முதலாளிகள் யூத அடையாளத்தைத் திரையில் காட்டவே அஞ்சினார்கள். மேயர் தம் பிறந்தநாளை ஜூலை 4 என்று தாமே வைத்துக்கொண்டவர். வெள்ளை வேலி, தேவாலயம், நீதிபதித் தந்தை என ஒரு சிற்றூர் அமெரிக்காவைத் தம் படங்களில் கட்டியெழுப்பினார். வார்னர் நிறுவனம் 1937இல் பிரெஞ்சு எழுத்தாளர் எமில் ஜோலாவின் வாழ்க்கையைப் படமாக்கியது. யூதர் என்பதற்காகவே பழிவாங்கப்பட்ட பிரெஞ்சு அதிகாரி டிரைஃபஸின் வழக்குதான் அதன் நடுநாயகம். ஆனால் படம் முழுவதிலும் ‘யூதர்’ என்ற சொல்லை ஒரு பாத்திரமும் உச்சரிப்பதில்லை. நாயகனாக நடித்த பால் மியூனி யிட்டிஷ் நாடக மேடையில் வளர்ந்தவர் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். அமெரிக்காவின் யூத வெறுப்பை நேரடியாகப் பேசி, 1947இன் சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வென்ற படத்தைத் தயாரித்தவர், பெரிய நிறுவனத் தலைவர்களுள் யூதர் அல்லாதவரான டாரில் சானக்.

இதற்கு ஒரு பெரிய விதிவிலக்கு 1927 அக்டோபர் 6 அன்று வெளிவந்த ‘தி ஜாஸ் சிங்கர்’. பேசும் படங்களின் காலத்தைத் தொடங்கிவைத்த அந்தப் படத்தில், தொழுகைப் பாடகரின் மகன் பிராட்வேயில் பாடப் போகிறான். தந்தை அவனை வெறுத்து ஒதுக்குகிறார். தந்தை சாகக்கிடக்கும், யூதர்களின் பாவமன்னிப்பு நாளான யோம் கிப்பூரின் நோன்பிரவில், அரங்கேற்றத்தை விட்டுவிட்டு வந்து ஜெப ஆலயத்தில் பாடுகிறான். ஜோல்சன் தம் கதையையே நடித்தார் எனலாம். கரி பூசிய அவருடைய முகமும் அதே படத்தில்தான் இருக்கிறது. பெருமை, வெட்கம் இரண்டையும் ஒரே சுருளில் வைத்திருக்கும் படம் அது.

இசை நாடகத்தில் யூதர்களின் கை ஓங்கியிருந்ததைப் போல வேறெந்தக் கலையிலும் இல்லை. 1927இல் ஜெரோம் கெர்னும் ஆஸ்கார் ஹாமர்ஸ்டைனும் ‘ஷோ போட்’ நாடகத்தில் நிறவெறியையும் கலப்பு மணத்தையும் பேசுபொருளாக்கி, பாட்டும் கூத்துமாக இருந்த கேளிக்கையைக் கதை சொல்லும் கலையாக உயர்த்தினார்கள். தந்தை வழியில் யூதரான ஹாமர்ஸ்டைன் பிறகு ரிச்சர்ட் ராட்ஜர்ஸுடன் சேர்ந்து 1943இல் தந்த ‘ஓக்லஹோமா’ 2,212 முறை நடந்தது. பண்ணைக்காரர்களும் மாடு மேய்ப்பவர்களும் உலவும் அந்த மேற்குப் புல்வெளியை இசையாக்கிய ராட்ஜர்ஸ் நியூயார்க் மருத்துவர் ஒருவரின் மகன். ஆரன் கோப்லண்டும் அப்படியே: புரூக்ளினில் கடை வைத்திருந்த குடும்பத்தில் பிறந்தவர், 1944இல் அவர் இயற்றிய ‘அப்பலேச்சியன் ஸ்பிரிங்’ இன்றும் அமெரிக்க நாட்டுப்புறத்தின் ஒலியாகவே கருதப்படுகிறது. யூதர் அல்லாத இசையமைப்பாளர் கோல் போர்ட்டர், வெற்றிக்கு வழி யூத மெட்டுகளை எழுதுவதுதான் என்று ராட்ஜர்ஸிடம் ஒருமுறை சொன்னாராம். போர்ட்டரின் சோகம் தோய்ந்த சிறுசுருதி (மைனர்) பாடல்களைக் கேட்பவர்களுக்கு அது வெறும் வேடிக்கைப் பேச்சாகத் தோன்றாது.

‘வெஸ்ட் சைட் ஸ்டோரி’ இசை நாடகம் பிறந்த விதம் மறைப்பின் கடைசிக் கட்டத்தைக் காட்டுகிறது. நடன அமைப்பாளர் ஜெரோம் ராபின்ஸ் 1949இல் இசையமைப்பாளர் லியனார்ட் பெர்ன்ஸ்டைனிடமும் நாடகாசிரியர் ஆர்தர் லாரன்ட்ஸிடமும் சொன்ன கருவில், காதலர்கள் லோயர் ஈஸ்ட் சைடின் ஒரு யூதப் பெண்ணும் ஒரு கத்தோலிக்க இளைஞனுமாக இருந்தார்கள். ஆறு ஆண்டுகள் கிடப்பில் கிடந்த அந்தக் கரு, புவெர்ட்டோ ரிக்கோவிலிருந்து வந்தவர்களின் கதையாக மாறி, ஸ்டீபன் சோண்ட்ஹைமின் பாடல் வரிகளோடு 1957 செப்டம்பரில் மேடையேறியது. நால்வரும் யூதர்கள், கதையில் ஒரு முதிய கடைக்காரரைத் தவிர யூதச் சாயல் எதுவும் மிஞ்சவில்லை. கலை நோக்கில் அந்த மாற்றம் நல்லதே என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் புவெர்ட்டோ ரிக்கோ மக்கள் தங்களை அதில் சரியாகக் காணவில்லை என்று இன்றுவரை சொல்வதையும் கேட்க வேண்டும்.

1964இல் திரை விலகியது. அவ்வாண்டு மார்ச்சில், பழைய யூத நகைச்சுவை நட்சத்திரமான ஃபானி பிரைஸாக பார்பரா ஸ்ட்ரைசண்ட் பிராட்வேயில் நடித்தார். பிரைஸ் 1923இல் அறுவைச் சிகிச்சையால் தம் மூக்கைச் சிறிதாக்கிக்கொண்டவர். ஸ்ட்ரைசண்ட் எத்தனை பேர் சொல்லியும் மறுத்தவர். செப்டம்பரில் ‘ஃபிட்லர் ஆன் தி ரூஃப்’ வந்தது: ஷோலெம் அலெய்க்கெமின் யிட்டிஷ் கதைகளிலிருந்து எடுத்த பால்காரரும், அவருடைய பெண்களும், கலைந்துபோகும் சிற்றூரும். யூதர்கள் மட்டுமே பார்ப்பார்கள் என்று அஞ்சப்பட்ட அந்த நாடகம் 3,242 முறை நடந்து, பிராட்வேயில் அதுவரை இருந்த சாதனைகளை முறியடித்தது. இயக்கியவர் அதே ராபின்ஸ். எல்லோரும் ஒரே நாளில் மாறிவிட்டார்கள் என்பதில்லை. மின்னசோட்டாவின் ராபர்ட் சிம்மர்மேன் அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்புதான் சட்டப்படி பெயரை மாற்றிக்கொண்டு பாடகர் பாப் டிலன் ஆகியிருந்தார்.

ஓவியத்தில் மார்க் ராத்கோவும் பார்னெட் நியூமனும், சித்திரக் கதைகளில் சூப்பர்மேனின் உரிமையை 130 டாலருக்கு விற்றுவிட்டு வாழ்நாளெல்லாம் வருந்திய ஜெரி சீகல், ஜோ ஷஸ்டர் ஆகிய கிளீவ்லண்ட் இளைஞர்களும், அமெரிக்கா போரில் இறங்குவதற்கு ஓராண்டு முன்னரே ஹிட்லரின் தாடையில் குத்துவிடும் நாயகனை அட்டையில் வரைந்த ஜாக் கிர்பியும் தனித்தனிக் கட்டுரைகளுக்கு உரியவர்கள். நடிப்புக் கலையிலும் ஒன்றைச் சொல்ல வேண்டும்: யிட்டிஷ் மேடையின் மாமன்னர் ஜேக்கப் ஆட்லரின் மகள் ஸ்டெல்லா ஆட்லரிடம்தான் மார்லன் பிராண்டோ பயின்றார்.

இலக்கியத்தில், அமெரிக்கராக அறிவித்துக்கொள்வதும் யூத அடையாளத்தை வெளிக்காட்டுவதுமான இரு போக்குகளும் ஓரிடத்தில் சந்தித்தன. 1953இல் சால் பெல்லோ வெளியிட்ட நாவலின் முதல் வரியிலேயே, தான் சிகாகோவில் பிறந்த அமெரிக்கன் என்று நாயகன் அறிவித்துக்கொள்கிறான். எழுதிய பெல்லோ பிறந்ததோ கனடாவின் கியூபெக்கில், ரஷ்யாவிலிருந்து வந்த பெற்றோருக்கு. அதே ஆண்டில் அவர், நியூயார்க்கில் இருந்துகொண்டே யிட்டிஷில் எழுதிவந்த ஐசக் பாஷெவிஸ் சிங்கரின் கதையொன்றை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். ஃபோர்வெர்ட்ஸ் வாசகர்களுக்கு மட்டும் தெரிந்திருந்த சிங்கரை அமெரிக்கா அறிந்தது பெரிதும் அதன் பிறகுதான். நோபல் பரிசு பெல்லோவுக்கு 1976இலும் சிங்கருக்கு 1978இலும் கிடைத்தது. சிங்கர் தம் ஏற்புரையின் ஒரு பகுதியை யிட்டிஷிலேயே ஆற்றினார்.